தபால் வண்டிக்கு இசையமைத்தவர்

சங்கீதமென்றால் பெரிய மேடையும் பெருஞ்சபையுமே என்று எண்ணும் மாணவர்கள் பலரை யான் கண்டதுண்டு. அவர்கட்கு ஆங்கில இசைமேதை பெஞ்சமின் பிரிட்டனின் இளமைக்காலத்தை எடுத்துக் கூறுவது என் வழக்கம்.

1913இல் பிறந்த பிரிட்டன் லண்டன் அரச இசைக் கல்லூரியிற் பயின்றவர். 1934இல் தந்தையார் காலமாகவே, பொருளீட்ட வேண்டிய நிலை அவருக்கு உண்டாயிற்று. மறு ஆண்டு கிடைத்த வேலையோ, பிரித்தானியத் தபாற் பகுதியின் திரைப்படப் பிரிவிலே குறும்படங்களுக்கு இசையமைப்பது. வேதனம் வாரம் 5 பவுண். முதற் படம் ஒரு தபால் முத்திரையைப் பற்றியது! பாட்டுக்கு இதனினும் வறண்ட பொருள் வேறுண்டோ?

அங்கே பணமுடை பெரிது. நூறு வாத்தியக்காரர் வேண்டுமென்று கேட்க முடியாது. கையிலுள்ள சிலரைக் கொண்டே காட்சிக்குரிய ஓசைகள் அனைத்தையும் எழுப்பியாக வேண்டும். 1936இல் வந்த 'நைற் மெயில்' என்னும் படம், லண்டனிலிருந்து ஸ்கொட்லாந்துக்கு இரவிலே செல்லும் தபால் ரயிலைக் காட்டுவது. அதன் இறுதிப் பகுதிக்குக் கவிஞர் ஓடன் பாட்டெழுதினார். மேட்டில் ஏறுகையில் வண்டி மூச்சு வாங்குவதும், இறக்கத்தில் விரைவதும் பாட்டிலும் இசையிலும் ஒருங்கே கேட்கின்றன. வீணை போன்ற ஹார்ப்புடன் மணற்கடதாசியும் அங்கே வாத்தியமாயிற்று! பிரிட்டனுக்கு அப்போது வயது இருபத்திரண்டு.

இப்படத்தை நெறிப்படுத்திய இருவருள் ஒருவரான பேசில் ரைற் நம் நாட்டுக்குப் புதியவரல்லர். 1934இல் வெளிவந்த 'சோங் ஒஃப் சிலோன்' அவர் ஆக்கமே. அதற்கு இசை வோல்ட்டர் லீ. விளக்கவுரையை வாசித்தவர் நம்மவரான லயனல் வெண்ட்.

காட்சியின் நீளத்தை விநாடிக் கணக்கில் அளந்து, குறித்த நாளில் எழுதி முடிக்கும் பழக்கம் பிரிட்டனுக்கு இப்பட்டறையிலேதான் வாய்த்தது. கல்லூரி கற்பியாதது இது என்று, கல்லூரி ஆசிரியனாகிய யானே ஒப்புக்கொள்ளுகிறேன். 1945இல் 'பீற்றர் கிரைம்ஸ்' என்னும் இசைநாடகம் அவரை உலகறியச் செய்தது. ஆயினும் அவர் குறும்படத்தை இகழ்ந்தாரில்லை. வாத்தியங்களைச் சிறுவர்க்கு அறிமுகஞ் செய்யும் கல்விப்படம் ஒன்றுக்கு, பழைய இசையாசிரியர் பேர்செலின் மெட்டொன்றை அடியாகக் கொண்டு புதிய இசை வகுத்தார். 1946இல் அப்படம் திரைக்கு வருமுன்பே அவ்விசை லிவர்பூல் நகர மேடையில் அரங்கேறிவிட்டது.