பைசல் செய்யச் சொல்ல ஒரு வழக்கா?

சர்க்கார் அலுவலகத்தில் ஏழை ஒருவன் மனு கொடுக்கிறான். தாசில்தார் "ஆகும்" என்று எழுதலாம். "ஆகாது" என்றும் எழுதலாம். இரண்டும் எழுதாமல் கட்டோடு கட்டாக அலமாரியில் வைத்துப் பூட்டிவிட்டால்?

மருந்து சென்னை ஹைகோர்ட்டில் இருக்கிறதாம்! அரசியல் சட்டத்தின் 226-வது பிரிவின்படி ரிட் போடவேண்டும். மனுவின் நியாயத்துக்குள் நீதிபதி பெரும்பாலும் போகமாட்டார். "தகுதியைப் பார்த்து, சட்டப்படி, இத்தனை வாரத்துக்குள் பைசல் செய்க" என்பார்.

கல்வராயன் மலைக்காரன் வெள்ளிமலையிலிருந்து இறங்கி, கள்ளக்குறிச்சி வந்து, அங்கிருந்து 200 கிலோமீட்டருக்கு மேல் போய், வக்கீலுக்குப் பணம் கட்டி வாங்கி வருவது என்ன? பட்டாவா? இல்லை. சாதிச் சான்றிதழா? அதுவும் இல்லை. கொடுத்த மனுவைப் பிரித்துப் படிக்கச் சொல்லி ஒரு காகிதம்! அதன் பிறகும் அதிகாரி "நிராகரிக்கப்பட்டது" என்று எழுதலாம். கோர்ட் உத்தரவை நிறைவேற்றிவிட்டேன் என்று மார்தட்டலாம். மறுபடி வழக்கு, மறுபடி வக்கீல். தூங்கியவர் பையிலிருந்து ஒரு காசு போகாது. தட்டி எழுப்பியவன்தான் கடன்காரன்.

இந்த மலைக்குக் காத்திருப்பது புதிதல்ல. மூன்று ஜாகிர்தார்களின் பிடியில் கிடந்த மலையைச் சர்க்கார் ஏற்றதே 1976-இல்தான். 2006-இல் வன உரிமைச் சட்டம் வந்தது. 2005 டிசம்பர் 13-க்கு முன்பிருந்தே பழங்குடிக் குடும்பம் உழுதுவரும் காட்டு நிலத்துக்கு, 4 ஹெக்டேர் வரை, உரிமை உண்டு என்றது. கிராம சபை, கோட்டக் குழு, மாவட்டக் குழு என்று மூன்று படி. ஏறினார்கள் மக்கள். தமிழ்நாட்டில் நடந்தது என்ன? 2008-இல் ஹைகோர்ட் இடைக்கால உத்தரவு போட்டது: மனுவை விசாரிக்கலாம், கோர்ட்டைக் கேட்காமல் உரிமைப் பத்திரம் கொடுக்கக்கூடாது! 2016-இல் சுப்ரீம் கோர்ட் அந்தத் தடையை நீக்கும்வரை எட்டு ஆண்டு. "சீக்கிரம் முடி" என்று தாசில்தாருக்குச் சொல்லும் அதே கோர்ட்தான்!

2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் விஷச்சாராயம் அறுபதுக்கு மேற்பட்ட உயிர்களைக் குடித்தது. அதன் பிறகே ஹைகோர்ட் தானாக முன்வந்து கல்வராயன் மலை மக்களின் நிலை பற்றி வழக்கு எடுத்தது. எடுத்ததை வரவேற்கிறோம். கீழே பிணம் விழுந்த பிறகா மேலே இருக்கும் மலை தெரியவேண்டும்?

கெடு வைக்கச் சர்க்காருக்குத் தெரியாதா? தெரியும். மனு வந்தால் மூன்று நாளில் ஒப்புகை, ஒரு மாதத்தில் முடிவு என்று 2015-இலேயே அரசாணை போட்டது. மீறினால் என்ன தண்டனை? அங்கேதான் ஓட்டை. மத்தியப் பிரதேசம் 2010-இல் சட்டமே செய்தது: குறித்த நாளில் சேவை தராத அதிகாரிக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய், 5,000 ரூபாய் வரை அபராதம், அதை மனுதாரனுக்கே நஷ்டஈடாகக் கொடுக்கலாம். சம்பளத்தில் கைவைத்தால் கட்டு தானே அவிழும். கல்வராயன் மலை தாலுகா அலுவலகத்துக்கும் அந்தக் கடிவாளம் வேண்டும் என்று கேட்போம், உரக்கக் கேட்போம்!

அதுவரை கிளைத் தோழர்களுக்கு ஒரு வேலை. மனு எழுதிக் கொடுத்துவிட்டு வீட்டுக்குப் போய்விடாதீர்கள். தேதி போட்ட ஒப்புகைச் சீட்டை வாங்குங்கள். நகலைக் கிளையில் வையுங்கள். வன உரிமை மனு விசாரணை முடியும்வரை அந்த நிலத்திலிருந்து யாரையும் வெளியேற்றக்கூடாது என்று சட்டத்தின் 4(5) சொல்கிறது. காட்டிலாகா வந்து "எழுந்திரு" என்றால், அந்தச் சீட்டை முதலில் நீட்டுங்கள்.