பார்ப்பதைத் தொழிலாகக் கொண்டவர்கள்

டச்சு மொழியில் தொலைக்காட்சிக் கேமராவை இயக்குபவர் ஆணானால் ‘கேமராமான்’, பெண்ணானால் ‘கேமராவ்ரௌ’. ‘வ்ரௌ’ என்றால் பெண். மனைவிக்கும் அதே சொல்தான். தமிழில் ‘ஒளிப்பதிவாளர்’ என்கிறோம். சொல்லில் ஆண், பெண் இல்லை. அதற்காகப் பெருமைப்பட்டுவிட வேண்டாம். அச்சொல்லைக் கேட்டதும் நம் மனத்தில் வந்து நிற்பது யாருடைய உருவம்?

நெதர்லாந்தில் தொலைக்காட்சி ஒளிபரப்பு 1951 அக்டோபர் 2 அன்று புஸ்ஸம் நகரிலிருந்து தொடங்கியது. அன்று அந்நாட்டில் மணமான பெண், சட்டத்தின் பார்வையில் தானாகச் செயல்படத் தகுதியற்றவள். அரசுப் பணியில் இருப்பவளுக்குத் திருமணம் என்றாலே பணிநீக்கம். அதை எதிர்த்து கொரி டெண்டலோ என்ற பெண் உறுப்பினர் 1955இல் நாடாளுமன்றத்தில் கொண்டுவந்த தீர்மானம், 46க்கு 44 என்ற வாக்கில் தப்பிப் பிழைத்தது. மனைவியைத் தகுதியற்றவளாக்கிய சட்டம் 1957 தொடக்கத்தில்தான் ஒழிந்தது. புதிய தொழிலொன்றின் பழக்கங்கள் உருவாகி இறுகிய ஆண்டுகள் இவை. ‘பெண்களுக்கு இதில் ஆர்வமில்லை’ என்பவர்கள் இந்த ஆண்டுகளை வசதியாக மறந்துவிடுகிறார்கள். ‘கேமரா கனமானது’ என்பது இன்னொரு சாக்கு. ஸ்டுடியோ கேமரா சக்கரம் வைத்த தாங்கியில் நிற்கிறது. அதை யாரும் தூக்கிச் சுமப்பதில்லை.

கேமராவுக்கு முன்னால் மட்டும் பெண்ணுக்கு எப்போதும் இடமிருந்தது. 1967 அக்டோபர் 9 அன்று ‘ஹூப்லா’ நிகழ்ச்சியில் ஃபில் புளோம் என்ற கலைஞர் நாளிதழ் படித்தபடி அமர்ந்திருந்தார். நாளிதழை இறக்கியபோது அவர் உடலில் ஆடையில்லை. நாடாளுமன்றத்தில் கேள்வி எழுந்தது. துணிச்சல், விடுதலை என்று இன்றும் அதைக் கொண்டாடுகிறார்கள். அந்த உடலை எங்கிருந்து, எவ்வளவு நேரம் காட்டுவது என்று முடிவெடுக்கும் நாற்காலிகளில் எத்தனை பெண்கள் இருந்தார்கள் என்ற கேள்விக்கு அந்தக் கொண்டாட்டத்தில் இடமில்லை.

2024 பிப்ரவரி 1 அன்று, பொது ஒளிபரப்பு நிறுவனங்களின் பணியிடச் சூழலை விசாரித்த மார்ட்டின் வான் ரெய்ன் தலைமையிலான குழுவின் அறிக்கை வெளியானது. பதிலளித்தவர்களில் நான்கில் மூவர் வரம்புமீறிய நடத்தைக்கு ஆளாகியிருந்தார்கள், அல்லது அதை நேரில் கண்டிருந்தார்கள். அறிக்கையின் தலைப்பு: ‘எதையும் பார்க்கவில்லை, எதையும் கேட்கவில்லை, எதையும் செய்யவில்லை.’ பார்ப்பதும் கேட்பதுமே தொழிலான இடத்தைப் பற்றிய வாசகம் இது!

கேமராவைப் பிடித்திருப்பவரை மட்டும் குற்றவாளியாக்கி நாம் ஒதுங்கிவிட முடியாது. அவர் பணிவாழ்க்கை எதில் தொங்குகிறது என்று பாருங்கள். கேபிள் சுருட்டுவதில் தொடங்கி, உதவியாளராகி, ஒருநாள் கேமரா கைக்கு வருகிறது. நிரந்தர வேலை இல்லாதவருக்கு அடுத்த வாரச் சம்பளம் அடுத்த தொலைபேசி அழைப்பில் இருக்கிறது. அழைப்பவர் சிலரே, அவர்கள் ஒருவரையொருவர் அறிந்தவர்கள். ‘பிரச்சினை பண்ணுகிறவள்’ என்ற ஒரு சொல் போதும், தொலைபேசி மௌனமாகிவிடும்.

ஆகவே, ‘கேமராவுக்குப் பின்னால் இத்தனை பெண்கள்’ என்ற கணக்கை மட்டும் காட்டி நம்மைத் திருப்திப்படுத்த வேண்டாம். எப்போது வேண்டுமானாலும் விலக்கப்படக்கூடிய பெண் கேமராவைப் பிடித்திருந்தாலும், அவள் காண்பதைச் சொல்ல முடியாது. வேலைக்கு உறுதி வேண்டும். பதவி உயர்வுக்கு எல்லோருக்கும் தெரிந்த விதி வேண்டும். புகார் சொன்ன பிறகும் மறுநாள் அதே கேமராவின் முன் போய் நிற்க முடிய வேண்டும். அதுவரை ‘கேமராவ்ரௌ’ என்பது அகராதியில் மட்டும் பத்திரமாக இருக்கும் பதவி.