கடுக்காயும் காற்றும்

பழைய வீட்டைப் புதுப்பிக்க வருகிறவர்கள் இப்போதெல்லாம் கடுக்காய், கருப்பட்டி என்ற இரண்டு சொற்களோடுதான் வருகிறார்கள். "அந்தக் காலத்து மந்திரக் கலவையில பூசிக் குடுங்க" என்கிறார்கள். அவர்கள் ஆசையில் குறையில்லை. ஆனால் சென்ற மாதம் அன்னூர்ப் பக்கம் ஒரு தொட்டிக்கட்டு வீட்டில் பார்த்ததை என்னால் மறக்க முடியவில்லை. சிமென்ட் கலவையில் கருப்பட்டிப் பாகை ஊற்றிப் பூசியிருந்தார்கள். மூன்றாம் நாளும் விரல் பட்ட இடத்தில் மணலாகக் கொட்டியது. சிமென்ட் எடையில் ஆயிரத்தில் ஒரு பங்கு சர்க்கரை சேர்ந்தாலே இறுகுவது பல மணி நேரம் தள்ளிப்போகும். சுண்ணாம்புக்கு மருந்தாக இருப்பது சிமென்ட்டுக்கு நஞ்சு. பூசிய கொத்தனாரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. இதை அவருக்குச் சொல்லிக்கொடுக்க யாரும் இருந்ததில்லை.

மந்திரம் என்று பெயர் வைத்துவிட்டால் கணக்கு மறைந்துவிடுகிறது. சுண்ணாம்புக்கு ஒரு கணக்கு உண்டு. தூய சுண்ணாம்புக்கல் 100 கிலோவைக் காளவாயில் சுமார் 900 டிகிரி சூட்டில் சுட்டால் 56 கிலோ சுட்ட சுண்ணாம்பு கிடைக்கும். மீதி 44 கிலோ கரியமில வாயுவாகப் போய்விடும். நீர் விட்டு நீற்றி, மணல் சேர்த்து, செக்கில் அரைத்துச் சுவரில் ஏற்றிய பிறகு, போன வாயுவைக் காரை காற்றிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்ப எடுத்துக்கொண்டு மறுபடி கல்லாகிறது. இது மாதக்கணக்கில், தடித்த சுவரென்றால் ஆண்டுக்கணக்கில் நடக்கிற வேலை. கல்லாகாமல் மிஞ்சிய சுண்ணாம்பு மழைநீரில் கரைந்து மயிரிழை விரிசலில் போய்ப் படிந்து அதை அடைக்கிறது. ரோமானியக் கான்கிரீட்டிலும் வெள்ளைச் சுண்ணாம்புக் கட்டிகளே விரிசலை அடைக்கின்றன என்று அமெரிக்காவின் எம்.ஐ.டி. ஆய்வாளர்கள் 2023இல் காட்டினார்கள். நம் ஊர்ப் பழைய காரையை உடைத்துப் பார்த்தவர்கள் எல்லோரும் அந்தக் கட்டிகளைக் கண்டிருப்பார்கள்.

கடுக்காயின் துவர்ப்பும் வெல்லத்தின் இனிப்பும் ஊறி நுரை தட்டிய நீர், கலவையைக் குழைவாக்கும். குறைந்த நீரில் பூச வைக்கும். அதன் முக்கியப் பங்கு அதுதான். சரியாக நீறாத சுண்ணாம்பை எந்தக் கடுக்காயும் காப்பாற்றாது.

கொங்கு நாட்டில் இதைவிடப் பெரிய சிக்கல் காற்று. ஆனி, ஆடியில் பாலக்காட்டுக் கணவாய் வழியே வீசும் காற்று, காலையில் பூசிய சுவரை மதியத்துக்குள் உலர்த்திவிடும். ஈரம் இல்லாமல் சுண்ணாம்பு வாயுவை எடுக்காது, காய்ந்து பொடியாகும். எந்நேரமும் நனைந்தே கிடந்தாலும் வாயு உள்ளே புகாது. ஆகவே ஈரச் சாக்கைத் தொங்கவிட்டு, வெயில் படாமல் மறைத்து, நனைப்பதும் ஆறவிடுவதுமாகப் பல வாரம் காக்க வேண்டும். பொறியாளர்களே, உங்கள் மதிப்பீட்டில் இதற்கான ஆள்கூலியைத் தனி வரியாக எழுதுங்கள். எழுதாவிட்டால் நடக்காது.

எந்தச் சுண்ணாம்பு என்ற கேள்வியும் இருக்கிறது. நம் செம்மண்ணுக்கு அடியில் பல இடங்களில் சுக்கான்கல் கிடக்கிறது. அதில் களிமண் கலந்திருப்பதால் சுட்டால் வரும் சுண்ணாம்பு ஈரத்திலும் இறுகும். கிணற்றுச் சுவருக்கும் கடைக்காலுக்கும் அது ஏற்றது. மெருகுப் பூச்சுக்கு வெண்சுண்ணாம்புதான் வேண்டும். ஐ.எஸ். 712 தரக்குறியீடு வெண்சுண்ணாம்பை 'சி' வகையாகவும் சுக்கான் சுண்ணாம்பை 'இ' வகையாகவும் பிரித்து வைத்திருக்கிறது. செங்கல் தூளைச் சேர்த்தாலும் நீர் தாங்கும் குணம் வரும். 1895இல் முடிந்த முல்லைப் பெரியாறு அணை சுண்ணாம்பையும் சுர்க்கி எனப்படும் இந்தச் செங்கல் தூளையும் நம்பி எழுந்ததுதான்.

1930களில் மதுக்கரையில் சிமென்ட் ஆலை வந்தபின் நம் பகுதியில் சுண்ணாம்புக்கல் போகும் வழி மாறியது. சிமென்ட் மீது எனக்குப் பகை இல்லை. புதுக் கட்டடத்துக்கு அது வேண்டும். சுண்ணாம்புச் சுவரின் மேல் சிமென்ட் பூசுவதைத்தான் எதிர்க்கிறேன். தரையிலிருந்து ஏறும் ஈரம் வெளியேற வழியின்றிப் பூச்சுக்குப் பின்னால் தங்கும். உப்பு அங்கேயே பூத்துச் செங்கல்லைத் தின்னும். நூறாண்டு நின்ற சுவர் சில ஆண்டுகளில் உப்பரித்து உதிரும்.

இந்த இதழின் வாசகர்களிடம் ஒன்று கேட்கிறேன். பழைய பூச்சைக் கொத்தி எடுக்கும்போது ஒரு கைப்பிடிக் காரையைப் பையில் கட்டி, ஊர், கட்டடத்தின் வயது, சுவரில் எந்த இடம் என்று எழுதி வையுங்கள். நீர்த்த ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் போட்டால் சுண்ணாம்பு கரைந்து மணல் நிற்கும். போடும் முன் காரையையும், பின் மிஞ்சிய மணலை உலர்த்தியும் நிறுத்தால் பழைய கலவையின் விகிதம் ஏறத்தாழத் தெரிந்துவிடும். மணலே சுண்ணாம்புக்கல் தூளாக இருந்தால் இந்தச் சோதனை ஏமாற்றும். காளவாயும் செக்கும் கண்ட பெரியவர்கள் உங்கள் ஊரில் இருந்தால் அவர்கள் சொல்வதையும் அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். அடுத்த இதழிலிருந்து இந்தக் குறிப்புகளுக்கு இரண்டு பக்கம் ஒதுக்குகிறோம். அனுப்பி வையுங்கள்.