மூன்றாந்தமிழுக்கு ஆசான் எங்கே?

முத்தமிழ் என்று மேடைதொறும் முழங்குகின்றோம். இயற்றமிழுக்குப் பள்ளியில் ஆசிரியர் உளர், பாடநூல் உண்டு, தேர்வும் உண்டு. இசைத்தமிழுக்கு 1943-இல் சென்னையில் தமிழிசைச் சங்கம் எழுந்தது. அதன்பின் தமிழில் பாடினால் தாழ்வென்று கருதிய நாட்களின் கொட்டம் ஓரளவு அடங்கிற்று. மூன்றாவதாகிய கூத்துத் தமிழுக்கு நாம் செய்தது யாது? அதன் பெயரைச் சொல்வதோடு நிறுத்திக்கொண்டோம்.

இளங்கோவடிகள் அவ்வாறு நிறுத்திக்கொள்ளவில்லை. சிலப்பதிகாரத்து அரங்கேற்று காதையைப் புரட்டுங்கள். மாதவியின் ஆட்டத்தைச் சொல்வதற்கு முன் அவளைப் பயிற்றிய ஆசான்மாரை ஒருவர்பின் ஒருவராக நிறுத்துகின்றார் அடிகள். ஆடலாசான், இசையாசான், பாடலியற்றும் புலவன், தண்ணுமையோன், குழலோன், யாழோன் என ஒவ்வொருவருக்கும் இருக்க வேண்டிய தகுதி தனித்தனியே கூறப்படுகின்றது. ஐந்தாம் அகவையில் தொடங்கி ஏழாண்டுப் பயிற்சி. பின்னர் அரங்கின் அளவு: எட்டுக்கோல் நீளம், ஏழுகோல் அகலம், ஒருகோல் உயரம், போகவும் வரவும் இரு வாயில், மூவகை எழினி, தூணின் நிழல் ஆடுமிடத்தில் விழாதவாறு விளக்கு. இத்துணை நுட்பமாக அரங்கை அளந்த இனம், இன்று தன் பிள்ளைக்கு நாடகம் கற்பிக்க ஓர் ஆசிரியரை அமர்த்தவில்லை. சிலம்பில் ஆசானுக்குக் கிடைத்த இடம் இன்று நம் பள்ளியில் அவனுக்கு இல்லை.

இதனை எண்ணும்போதெல்லாம் எனக்கு நம் செங்கற்பட்டு மாவட்டத்து ஊர் ஒன்றின் பெயர் நினைவுக்கு வரும். பம்மல். பல்லாவரத்தை அடுத்த ஊர். அவ்வூரைத் தம் பெயரோடு இணைத்துக்கொண்டு, நடிகராகவும் நாடக ஆக்குநராகவும் நெறியாளராகவும் நடிப்பாசிரியராகவும் எழுபதாண்டுகட்கு மேல் வாழ்ந்தவர் பம்மல் சம்பந்தனார். (குலப்பெயரை விடுத்தே எழுதுகின்றேன், இவ்விதழின் அன்பர்கட்கு அதற்கு விளக்கம் வேண்டுவதில்லை.)

1873-ஆம் ஆண்டு பிப்பிரவரி முதல் நாள் பிறந்தவர். தந்தையார் விசயரங்கனார் பள்ளிகளை ஆய்வு செய்யும் பணியில் இருந்தவர். வீட்டில் நூல்களுக்குக் குறைவில்லை. ஆயினும் இளமையில் சம்பந்தனாருக்குத் தமிழ் நாடகம் என்றாலே வெறுப்பு. விடிய விடியப் பாட்டு, எழுதிவைத்த உரையாடல் இன்மை, கதைக்குப் புறம்பான கோமாளிக் கூச்சல் ஆகியவற்றைக் கண்டு ஒதுங்கியிருந்தார். 1891-இல் பெல்லாரியிலிருந்து கிருட்டிணமாச்சாரியார் என்பவரின் தெலுங்கு நாடகக் குழு சென்னைக்கு வந்தது. கற்றவர்களே மேடையேறி நடித்ததைப் பதினெட்டு அகவை இளைஞர் பார்த்தார். தெலுங்கர் செய்வதைத் தமிழர் ஏன் செய்தலாகாது என்னும் வினா அவருள் எழுந்தது. அவ்வாண்டு சூலை முதல் நாளே நண்பர் சிலரோடு ஒரு நாடக மன்றத்தைத் தொடங்கிவிட்டார்.

பேராசிரியர் சுந்தரனாரின் மனோன்மணீயம் அச்சில் வந்ததும் அதே 1891-இல்தான். ஒன்று படிக்க எழுந்த நாடகம். மற்றொன்று நடிக்க எழுந்த மன்றம். படிப்பும் நடிப்பும் ஒரே ஆண்டில் பிறந்தும் ஒரு வீட்டில் வளரவில்லை.

அம்மன்றத்தின் பெயரைச் சொல்ல என் எழுதுகோல் கூசுகின்றது: சுகுண விலாச சபை. மூன்று சொல்லில் ஒன்றேனும் தமிழா? நாடகங்களின் பெயர்கள் அதனினும் மேல். புட்பவல்லி, இலீலாவதி சுலோசனை, மனோகரன். மனோகரனின் தாய் பதுமாவதி, தந்தை புருடோத்தமன், மனைவி விசயாள், அரசனை மயக்கியவள் வசந்தசேனை. ஒரு குடும்பம் முழுவதும் வடமொழிப் பெயரில் நடமாடுகின்றது. இக்கரணியம் பற்றியே நம் அன்பர் பலர், சம்பந்தனாரை நமக்குரியவராகக் கருதுவதில்லை. அண்மையில் இளந்தோழர் ஒருவர் என்னிடம், “ஐயா, மொழியைக் கெடுத்தவர்களைப் பற்றி நாம் ஏன் எழுத வேண்டும்?” என்று கேட்டார். அவர் கேள்வியில் சினம் இருந்தது, அச்சினம் முறையானதே. ஆனால் விடை வேறு.

மொழிக்கலப்பு அவர் ஒருவர் செய்த குற்றமன்று. அன்றைய சென்னைக் கற்றோர் அனைவரும் சுமந்த நோய். மறைமலையடிகளார் தனித்தமிழ் நெறியை வகுத்துக்கொண்டது 1916-இல். மனோகரன் மேடையேறியதோ 1895-இல். மருந்து வருமுன் நோயுற்றவனை எவரும் பழிப்பதில்லை. 1916-க்குப் பின்னும் அவர் மாறவில்லையே என்று கேட்டால், ஆம், அது பெருங்குறை. அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அவரிடம் நாம் கற்க வேண்டியது சொல்லை அன்று, தொழிலை.

அத்தொழில் எத்தகையது? அவருக்கு முன் நாடகமாடியவர்களைக் ‘கூத்தாடி’ என்று இழித்தனர். அவ்விழிவை அவர் வாதிட்டுப் போக்கவில்லை. தாமே அரிதாரம் பூசிப் போக்கினார். சட்டம் பயின்ற வழக்குரைஞர் அவர். 1924 முதல் 1928 வரை சென்னைச் சிறுவழக்கு முறைமன்றத்தில் நடுவராகவும் இருந்தவர். பகலில் வழக்குரையும் வாய் இரவில் நாடகவுரை பேசிற்று. அவரோடு பெண்கோலம் பூண்டு பன்னெடுங்காலம் நடித்த அரங்கவடிவேலு என்பாரும் வழக்குரைஞரே. பின்னாளில் நாடறிந்த நாவலராக விளங்கிய தீரர் சத்தியமூர்த்தியும் அம்மன்றத்து மேடையில் நடித்தவரே. பொருள் கருதாது ஆடிய மன்றம் அது. விடியும்வரை நீண்ட நாடகத்தைச் சில மணி நேரத்துக்குள் அடக்கியதும், பாட்டைக் குறைத்து உரைநடைக்கு இடம் தந்ததும், எழுதிய படியை மனப்பாடம் செய்து பலமுறை ஒத்திகை பார்த்த பின்னரே மேடையேற வேண்டுமென்ற கட்டுப்பாடும் அங்கே நிலைபெற்றன. இன்று இவையெல்லாம் எளியனவாகத் தோன்றும். நாடகம் நாளை என்றால் இன்று மாலை உரையாடலைக் கையில் தரும் நம் கழக ஆண்டு விழாக்களை நினைத்துப் பார்த்தால் அவை எவ்வளவு அரியன என்பது விளங்கும்!

ஆங்கிலப் பாவலர் செகப்பிரியரை அவர் தமிழ்மேடைக்குக் கொணர்ந்த வகையைச் சற்று நின்று பார்க்கலாம். ஆம்லெத்து அமலாதித்தன் ஆனான். மாக்பெத்து மகபதி ஆனான். சிம்பலின் சிம்மளநாதன் ஆனான். வெனிசு நகரத்து வணிகன் வாணிபுர வணிகன் ஆனான். ஒலியை ஒலியால் பிடிக்கும் செவி அவருக்கு இருந்தது. அச்செவியைப் பாராட்டாமல் இருக்க என்னால் இயலவில்லை. ஆனால் கல்லை வெட்டியது வடமொழிக் குன்றில். ‘விரும்பிய விதமே’ என்று ஒரு நாடகத்துக்குப் பெயர் வைத்தார். ‘விரும்பியவாறே’ என்று ஓரசையும் இடறாமல் வைத்திருக்கலாம். கையெட்டும் தொலைவில் இருந்த தமிழ்ச்சொல்லை அவர் எடுக்காமல் போனார். எடுத்துக் கொடுக்கப் பக்கத்தில் ஒரு தமிழ்ப்புலவரும் நிற்காமல் போனார் என்பதே என் ஆற்றாமை.

இடத்தின் விந்தையைப் பாருங்கள். அடிகளார் 1911 முதல் மறையும்வரை வாழ்ந்த ஊர் பல்லாவரம். சம்பந்தனாரின் முன்னோர் ஊர் பம்மல். இரண்டும் அடுத்தடுத்த ஊர்கள். தூய மொழி ஓரூரிலிருந்து பேசிற்று. மேடைத்தொழில் மற்றோர் ஊரின் பெயரைத் தாங்கிற்று. அடிகளாரும் நாடகத்தை வெறுத்தவர் அல்லர். காளிதாசரின் சாகுந்தலத்தைத் தமிழாக்கி, அதன்மேல் தனி ஆராய்ச்சி நூலே எழுதியவர். பரிதிமாற்கலைஞரோ 1897-இலேயே ‘நாடகவியல்’ என இலக்கண நூல் யாத்தார். விபுலானந்த அடிகளார் 1926-இல் ‘மதங்க சூளாமணி’ தந்தார். இலக்கணம் வகுத்தவர் நம்மிடையே இருந்தனர். ஆடிக் காட்டியவர் வேறிடத்தில் இருந்தார். புலவர் மேடைக்குச் செல்லவில்லை. மேடையார் புலவரிடம் வரவில்லை. நட்டம் தமிழுக்கு.

தமிழோடு மேடையேறியவரும் உளர். ‘தலைமை ஆசிரியர்’ என்று அவ்வை சண்முகனாரால் போற்றப்பட்ட சங்கரதாசர் (1867–1922) சம்பந்தனாரினும் ஆறாண்டு மூத்தவர். வண்ணச்சரபம் தண்டபாணி அடிகளிடம் தமிழ் பயின்றவர். தொடக்கத்தில் நடிகர், பின் நடிப்பை விடுத்து ஆசானாகவே நின்றார். 1918-இல் மதுரையில் சிறுவர் நாடகக் குழு நிறுவி, எழுத்தறியாப் பிள்ளைகளுக்கும் சந்தப்பாவை நாவில் ஏற்றினார். சண்முகனாரும் உடன்பிறந்தாரும் அக்குழுவில் உருவானவர்களே. தென்பாண்டியில் பிறந்து புதுவையில் மறைந்த அவருக்குச் சட்டப் படிப்பில்லை, மன்றமில்லை, செல்வமில்லை. தமிழ் யாப்பு இருந்தது. சம்பந்தனார் கற்றவரை மேடைக்கு அழைத்தார். சங்கரதாசர் மேடைக்கு வந்த ஏழைச் சிறுவரைக் கற்றவராக்கினார். இருவரில் யார் பெரியர் என்று பட்டிமன்றம் நடத்துவோர் நடத்தட்டும். என்னைக் கேட்டால் ஆசிரியத் தொழிலில் சங்கரதாசர் ஒருபடி மேலே நிற்கின்றார். எழுதிவைத்துக் கற்பித்ததில் சம்பந்தனார் மேல். நாடகமேடை நினைவுகளை ஆறு பகுதிகளாக எழுதினார். நடிப்பில் தேர்வது எவ்வாறு என்று தனிநூலும் எழுதினார். நாடகத்தமிழ் பற்றியும் எழுதினார். ஆசான் மறைந்தாலும் பாடம் எஞ்சியிருக்க வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு இருந்தது. 1964-இல் அவர் மறைந்தார். அதற்கு ஐந்தாண்டு முன் நடுவணரசு ‘பத்மபூசண்’ பட்டம் அளித்திருந்தது. அப்பட்டத்தின் பெயரும் தமிழன்று என்பது வேறு செய்தி.

திரைப்படம் வந்தபின் என்ன நேர்ந்தது? 1936-இல் மனோகரன் படமாயிற்று. சம்பந்தனாரே அரசன் கோலத்தில் நடித்தார். 1954-இல் மீண்டும் படமாயிற்று. அப்போது உரையாடல் எழுதியவர் கலைஞர் கருணாநிதி. இரும்புத் தளையில் நிற்கும் மகன், தாயின் ஒரு சொல்லுக்காகக் காத்திருக்கின்றான். சொல் பிறந்ததும் தளை தெறிக்கின்றது. நாடெங்கும் மக்கள் அவ்வுரையாடலை மனப்பாடமாகச் சொன்னார்கள். கதைக்கட்டு சம்பந்தனாருடையது; மக்கள் நாவில் நின்றதோ புதிய தமிழ்நடை. மேடைத்தொழிலும் நல்ல தமிழும் ஒருமுறை கைகோத்தால் விளைவது என்ன என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுமா? பாவேந்தரின் ‘இரணியன்’ 1934-இல் மேடையில் மூட்டிய தீயும் அத்தகையதே. ஆனால் திரையின் பேரொளி வந்ததும் நம்மவர் மேடையை விட்டு இறங்கிவிட்டனர். இறங்கிய மேடை இன்னும் ஒழிந்தே கிடக்கின்றது.

இனிப் பள்ளிக்கு வருவோம். நான் முப்பதாண்டு வாழ்ந்த இடம் அதுதான். அரசுப் பள்ளிகளில் ஓவியத்துக்கு ஆசிரியர், தையலுக்கு ஆசிரியர், இசைக்கு ஆசிரியர், உடற்பயிற்சிக்கு ஆசிரியர் எனப் பணியிடங்கள் உண்டு. எல்லாப் பள்ளியிலும் ஆள் இருக்கின்றாரா என்பது தனிக்கேள்வி. நாடகத்துக்குப் பணியிடமே இல்லை. தமிழ்ப் பாடநூலில் நாடகக் காட்சி ஒன்று வரும். அதனை உரைநடை போலவே படித்து, வினாவிடை எழுதி, மதிப்பெண் இட்டு முடிக்கின்றோம். நான் முன்பு பணியாற்றிய பள்ளியொன்றில் மாலையில் ஒரு மணி நேரம் ஒத்திகைக்குக் கேட்டபோது, “தேர்வில் வராததற்கு நேரம் எதற்கு?” என்று மேலிடத்தில் கேட்டார்கள். கேட்டவர் தமிழ் முதுகலை கற்றவர்! 2022 முதல் அரசு பள்ளிகளில் கலைத் திருவிழா நடத்தி நாடகப் போட்டியும் வைக்கின்றது. நல்ல செயல், வரவேற்கின்றேன். ஆயினும் பயிற்றுவோன் இல்லாத பயிற்சிக்குப் போட்டி வைத்தால் பிள்ளைகள் எதைக் கொணர்வார்கள்? தொலைக்காட்சியில் கண்ட நகைச்சுவைத் துணுக்கைக் கொணர்கின்றார்கள். அதில் பாதி ஆங்கிலம்.

ஆசானுக்கு எங்கே போவது என்பார்க்கு என் விடை, நம் ஊர்ப்புறத்துக்கே போகலாம் என்பது. திருப்போரூரைச் சூழ்ந்த சிற்றூர்களிலும் வடக்கே மேற்கே உள்ள ஊர்களிலும் திரௌபதையம்மன் விழாவில் இன்றும் கூத்து நடக்கின்றது. கட்டியங்காரன் திரைக்குமுன் வந்து பேசுகின்றான். மத்தளமும் தாளமும் முகவீணையும் விடியும்வரை ஓய்வதில்லை. சம்பந்தனார் வெறுத்தொதுக்கிய அந்நெடுங்கூத்தில்தான் இயலும் இசையும் ஆடலும் பிரியாமல் நிற்கின்றன. இவ்வொன்றில் அவர் கண்ணோட்டம் குறையுடையது என்றே கொள்கின்றேன். புரிசை கண்ணப்பத் தம்பிரான் அக்கூத்தை நாடெங்கும் கொண்டுசென்று, நகரத்து நாடக இளைஞர்க்கும் கற்பித்தார். காஞ்சிபுரத்தை அடுத்த புஞ்சரசந்தாங்கலில் இராசகோபால் என்னும் கூத்தாசான் கட்டைக்கூத்துச் சங்கம் கண்டு, பள்ளிக்கல்வியையும் கூத்தையும் ஒருங்கே பிள்ளைகளுக்கு ஊட்டினார். அப்பயிற்சிப் பள்ளி 2002 முதல் 2020 வரை நடந்து மூடப்பட்டது. அதுபோன்ற ஒன்றைத் தாங்கும் கடமை தனியொருவருடையதா, அரசினுடையதா? மாமல்லபுரத்தில் ஆண்டுதோறும் வெளிநாட்டார்க்காக ஆடல் விழா எடுக்கும் அரசுக்கு, கூப்பிடு தொலைவில் உள்ள பள்ளியில் ஒரு கூத்தாசானை அமர்த்தும் பொருள்வளம் இல்லையென்றால் யார் நம்புவார்?

அரசு செய்யும்வரை நாம் காத்திருக்க வேண்டுவதில்லை. சம்பந்தனார் நூல்கள் நாட்டுடைமை ஆகியுள்ளன, எவரும் எடுத்தாளலாம். நம் கழகத்தைச் சார்ந்த தமிழாசிரியர் ஒவ்வொருவரும் அவர் நாடகத்தில் ஒரு காட்சியைத் தேர்ந்து, கதைக்கட்டைக் குலைக்காமல், பெயர்களையும் உரையாடலையும் தூய தமிழாக்கி, மாணவரைக் கொண்டு நடிப்பிக்க வேண்டும். இங்கே ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளோடு மனோகரனின் தளையறுக்கும் காட்சியை எடுத்துக்கொண்டிருக்கின்றேன். மனோகரன் ‘எழிலன்’ ஆகிவிட்டான். பதுமாவதியைத் ‘தாமரை’ என்றே மாற்றிக்கொண்டோம். வசந்தசேனைக்கு மட்டும் இன்னும் பெயர் அமையவில்லை. ‘இளவேனில்’ என்று ஒரு மாணவி சொன்னாள், அவ்வளவு இனிய பெயரைக் கொடியவளுக்கு வைப்பதா என்று மற்றவர்கள் ஒப்பவில்லை. அன்பர்கள் தகுந்த பெயர் கருதினால் அடுத்த திங்கள் இதழுக்குள் எழுதியனுப்புக. ஒத்திகை தைத்திங்களில் தொடங்குகின்றது.