எண் தெரியாத வண்டி

மாதம் 12,000 ரூபாய் சம்பாதிக்கும் 35 வயதுக் கூலித் தொழிலாளி ஒருவர் லாரி மோதி இறந்துபோகிறார். வீட்டில் மனைவியும் இரண்டு பிள்ளைகளும் இருக்கிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். லாரியின் எண்ணை யாராவது குறித்துவைத்திருந்தால் குடும்பம் விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். ஓட்டுநர் மீது தவறு என்று தெளிவானால், உச்ச நீதிமன்றம் 2009இல் சர்லா வர்மா வழக்கிலும் 2017இல் பிரணய் சேத்தி வழக்கிலும் வகுத்த கணக்கு அங்கே தயாராக இருக்கிறது. எதிர்கால வருமானத்துக்காக 40 சதவீதம் கூட்டி, இறந்தவரின் சொந்தச் செலவுக்கென்று மூன்றில் ஒரு பங்கைக் கழித்து, மீதியின் ஆண்டுத் தொகையை அவர் வயதுக்குரிய 16ஆல் பெருக்கினால் 21,50,400 ரூபாய். அதே லாரியின் எண்ணை ஒருவரும் பார்க்கவில்லை, போலீஸாராலும் கண்டுபிடிக்க முடியவில்லை என்றால் 2 லட்சம். அதுவும் கேட்டால்தான்.

இந்த வித்தியாசத்தில் ஓரளவு நியாயம் உண்டு. முதலாவது, தவறு செய்தவர் தரப்பு தர வேண்டிய ஈடு. இரண்டாவது, பொது நிதியிலிருந்து தரும் நிவாரணம். இரண்டும் ஒன்றாக இருக்க முடியாதுதான். ஆனால் வண்டி தெரிந்திருந்தால், தவறு யாருடையது என்று நிரூபிக்காமலேயே உயிரிழப்புக்கு 5 லட்சம் பெறும் வழியையும் மோட்டார் வாகனச் சட்டத்தின் 164ஆம் பிரிவு தருகிறது. தவறைப் பற்றிய கேள்வியே எழாத இடத்திலும் 5 லட்சம் 2 லட்சமாகச் சுருங்குவதற்கு என்ன காரணம் சொல்வது? இறந்தவர் செய்ததோ செய்யாததோ அதில் எதுவும் இல்லை. மோதியவர் நிற்காமல் போனதற்கு இவர் குடும்பம் அபராதம் கட்டுகிறது.

தொகையைவிடப் பெரிய அநியாயம், அந்த 2 லட்சமும் போய்ச் சேராதது. 2022இல் இந்தியாவில் மோதிவிட்டு நிற்காமல் சென்ற விபத்துகள் 67,387. அவற்றில் இறந்தவர்கள் 30,486 பேர். 2022-23 நிதியாண்டில் இந்த நிவாரணம் கேட்டு வந்த மனுக்கள் வெறும் 205. பணம் கிடைத்தது 95 மனுக்களுக்கு. ஏப்ரல் 2022க்கு முன்பு உயிரிழப்புக்கான தொகை 25,000 ரூபாயாக இருந்தது. எட்டு மடங்கு உயர்த்திய பிறகும் கேட்க ஆளில்லை என்றால், தேவை இல்லை என்று பொருளாகாது. இப்படியொன்று இருப்பதையே யாரும் சொல்லவில்லை என்றுதான் பொருள். (பத்துப் பேர் இறந்து தலைப்புச் செய்தியாகும் பேருந்து விபத்துக்கு, முதல்வர் நிவாரண நிதி அறிவிப்பு அன்று மாலையே வந்துவிடுகிறது. இரவில் தனியாக சைக்கிளில் போனவருக்கு அந்தப் பாக்கியம் இல்லை.)

கோவை எலும்பு முறிவு மருத்துவர் எஸ்.ராஜசேகரன் 2012இல் தொடுத்த பொதுநல வழக்கில், 2024 ஜனவரி 12 அன்று உச்ச நீதிமன்றம் இதைக் கையில் எடுத்தது. ஒரு மாதத்துக்குள் வண்டி தெரியவில்லை என்றால் இந்தத் திட்டத்தைப் பற்றிப் போலீஸார் குடும்பத்துக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். விபத்து அறிக்கையை, நிவாரண மனுக்களை விசாரிக்கும் அதிகாரிக்கு அனுப்ப வேண்டும். மனு வராவிட்டால் சட்டப்பணிகள் ஆணைக்குழு குடும்பத்தைத் தேடிப்போக வேண்டும் என்றது. நல்ல உத்தரவு. ஆனால் இதன் முடிவிலும் குடும்பம்தான் மனு எழுத வேண்டியிருக்கிறது. முதல் தகவல் அறிக்கையும் பிரேதப் பரிசோதனை அறிக்கையும் அரசின் கையில். வாரிசுச் சான்றிதழ் கொடுப்பதும் தாசில்தார் அலுவலகம். தன்னிடம் இருக்கும் காகிதங்களையே நகலெடுத்துக் கொண்டுவரும்படி, ஈமச் சடங்கு முடிந்த வீட்டை அரசு அலைக்கழிப்பானேன்? போலீஸ் அறிக்கையையே மனுவாகக் கொண்டு, வங்கிக் கணக்கு எண்ணை மட்டும் வாங்கிப் பணத்தைப் போட்டுவிடலாம்.

கேட்காமலே கொடுத்தால் மோசடி பெருகும் என்பார்கள். நடப்பது நேர்மாறானது. மோதாத வண்டியை மோதியதாகக் காட்டித் தீர்ப்பாயத்தில் வழக்குப் போடும் தரகர் தொழில் நம் நீதிமன்றங்களுக்குப் புதிதல்ல. உண்மையைச் சொன்னால் ஒன்றும் கிடைக்காது என்ற நிலைதான் அந்தத் தரகரிடம் குடும்பத்தை அனுப்புகிறது. பணம் கொடுத்துவிட்டால் போலீஸார் வண்டியைத் தேடமாட்டார்கள் என்ற கவலை இன்னும் கனமானது. ஆனால் வண்டி பிடிபட்டுத் தீர்ப்பாயம் இழப்பீடு தந்தால், முன்பு கொடுத்த நிவாரணத்தைத் திரும்ப எடுத்துக்கொள்ளச் சட்டத்திலேயே இடம் இருக்கிறது. ஆயிரக்கணக்கான குடும்பங்களுக்குப் பணம் போகத் தொடங்கினால், விசாரணை என்ன ஆயிற்று என்று காவல் நிலையத்தைக் கேட்க அந்த நிதிக்கே ஓர் அக்கறை பிறக்கும். இன்று கேட்க யாரும் இல்லை.

தொகையைப் படிப்படியாக உயர்த்துவது பற்றி எட்டு வாரங்களில் முடிவெடுக்கும்படியும் மத்திய அரசை அந்த உத்தரவு கேட்டிருந்தது. குறைந்தது 164ஆம் பிரிவின் 5 லட்சத்துக்காவது அது உயர வேண்டும். அதுவரை, ‘அடையாளம் தெரியாத வாகனம்’ என்று எழுதப்பட்ட எஃப்.ஐ.ஆர். உங்கள் தெருவில் எந்த வீட்டிலாவது இருந்தால், விபத்து நடந்த பகுதியின் வருவாய்த் துறை அலுவலகத்தில் 2 லட்சத்துக்கு மனுக் கொடுக்கலாம் என்பதை அவர்களிடம் சொல்லிவிடுங்கள்.