ஒரு சுரபுன்னைக் கம்பின் நீளம்

லாமு நகரத்தின் பழைய மாளிகை ஒன்றினுள் நுழைகின்ற எவருக்கும் முதலில் தோன்றுகின்ற ஐயம் ஒன்றுண்டு. சீனத்துப் பீங்கானை விலை கொடுத்து வாங்கிச் சுவர்மாடங்களில் அடுக்கி வைக்கும் அளவுக்குச் செல்வம் படைத்திருந்த வணிகர்கள், இவ்வளவு ஒடுங்கிய அறைகளில் ஏன் வாழ்ந்தார்கள்? அறையின் நீளம் எவ்வளவு இருந்தாலும் அகலம் ஏறத்தாழ ஒன்பது அடிதான். ஓர் அறையைக் கடந்தால் அதே அகலத்தில் இன்னோர் அறை. அதனையும் கடந்தால் மற்றொன்று. வெள்ளைச் சுண்ணச் சாந்தில் பூவேலை செய்த சுவர்கள் கண்ணைப் பறிக்கின்றன. ஆனால் கைகளை விரித்து நான்கு எட்டு வைத்தால் எதிர்ச்சுவர் வந்துவிடுகிறது.

விடை தலைக்கு மேலே இருக்கிறது. அண்ணாந்து பார்த்தால் கூரையின் அடியில் கைத்தடிமனுள்ள உருட்டுக் கம்புகள் நெருக்கமாக வரிசையிட்டிருப்பதைக் காணலாம். அவற்றுக்கு மேல் பவழக்கல் சில்லுகளும் சுண்ணாம்பும் சேர்த்து இடித்த கனமான தளம். அந்தப் பாரத்தை வளையாமல் தாங்கக்கூடிய கம்பு, அண்டையிலுள்ள சதுப்பில் விளைகின்ற சுரபுன்னை மரத்திலிருந்து வருகிறது. நேராகவும் போதிய பருமனுடனும் அது கிடைக்கின்ற நீளத்துக்கு ஓர் எல்லை உண்டு. அந்த எல்லைதான் அறையின் அகலம். சுருங்கச் சொன்னால், இந்நகரத்தின் அளவுகோலைக் காடு வகுத்துக் கொடுத்தது. கொத்தனார் அதற்கு இசைந்து கட்டினார்.

கென்யா நாட்டின் வடகோடிக் கடற்கரையில், சோமாலியா எல்லைக்குச் சற்றுத் தெற்கே, நிலநடுக்கோட்டுக்கு அருகில் அமைந்திருக்கிறது லாமு தீவு. மாண்டா, பாத்தே முதலிய தீவுகள் அதனைச் சூழ்ந்துள்ளன. விமானத்தில் செல்பவர் மாண்டாவில் இறங்கிப் படகேறித்தான் நகரத்தை அடைய வேண்டும். கிழக்கு ஆப்பிரிக்கக் கரையில் மக்கள் இடைவிடாது வாழ்ந்து வரும் சுவாஹிலி நகரங்களுள் மிகப் பழமையானதும், பழமை குலையாமல் நிற்பதும் இதுவே என்று கூறி, 2001ஆம் ஆண்டில் யுனெஸ்கோ நிறுவனம் இதனை உலகப் பாரம்பரியச் சின்னமாக அறிவித்தது. சுவாஹிலி என்பது மொழியின் பெயர் மட்டுமன்று. ஆப்பிரிக்க மண்ணில் வேரூன்றி, அரபு வணிகத்தோடும் இஸ்லாத்தோடும் உறவாடி வளர்ந்த ஒரு மக்களின் பெயருமாகும். அவர்களுடைய மொழி பல நூற்றாண்டுகள் அரபு எழுத்திலேயே எழுதப்பட்டு வந்தது.

நகரின் சந்துகளில் கார் நுழைய வழியில்லை. இருவர் எதிரெதிரே வந்தால் ஒருவர் சுவரோடு ஒதுங்க வேண்டும். எதிரே வருவது கழுதையானால் ஒதுங்க வேண்டியவர் நாம்தாம். கல், மணல், தண்ணீர், மரம் யாவும் கழுதை முதுகில்தான் வீடு வந்து சேர்கின்றன. வீட்டு வாயிலில் இருபுறமும் கல்திண்ணை. அயலார் அதில் அமர்ந்து பேசிவிட்டுப் போய்விடுவர். செதுக்கு வேலைப்பாடு நிறைந்த கதவுக்கு அப்பால் வீட்டாரின் உலகம். தெருவுக்கு மேலே இரு வீடுகளை இணைக்கும் பாலங்கள் ஆங்காங்கே உண்டு. தெருவில் இறங்காமலே பெண்கள் உறவினர் வீட்டுக்குச் சென்று வர அவை உதவின. நீர்த்தொட்டிக்குள் சிறு மீன்களை விட்டு வைத்தனர். கொசுப்புழுக்களை அவை தின்றுவிடும். தண்ணீர் வற்றினாலும் மீன் உயிர் பிழைக்கத் தொட்டியின் அடியில் ஒரு பீங்கான் கிண்ணத்தைப் பதித்து வைத்த அந்த முன்யோசனையை நம் இல்லத்தரசியர் பாராட்டாமல் இருக்க மாட்டார்கள்!

இருபதுக்கும் மேற்பட்ட பள்ளிவாசல்கள் இச்சிறிய நகரில் உள்ளன. அவற்றுள் கடற்கரையையொட்டிய புவானி பள்ளி 1370ஆம் ஆண்டைச் சேர்ந்தது எனக் கருதப்படுகிறது. ஹஜ்ஜுக்கு வந்திருந்த லாமுவின் காஜி ஒருவரை 1441இல் மக்காவில் சந்தித்ததாக ஓர் அரபு ஆசிரியர் எழுதி வைத்துள்ளார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் ஹபீப் சாலிஹ் என்னும் பெரியார் தொடங்கிய கல்விப் பணி ரியாதா பள்ளிவாசலாக வளர்ந்தது. அங்கே ரபீஉல் அவ்வல் மாதத்தில் நடைபெறும் மீலாது விழாவுக்குக் கரையோர ஊர்களிலிருந்தெல்லாம் மக்கள் திரளுகின்றனர்.

1506இல் போர்த்துக்கீசியர் வந்து கப்பம் வாங்கினர். பின்னர் ஓமானியர் துணையுடன் அவர்கள் அகற்றப்பட்டனர். 1812ஆம் ஆண்டளவில் ஷேலா மணற்கரையில் பாத்தே, மொம்பாசாப் படைகளை லாமு மக்கள் தோற்கடித்த பிறகு ஓமானிய ஆட்சி வந்தது. அப்போது எழுப்பிய கோட்டை 1821இல் முடிந்தது. 1984 வரை அது சிறைச்சாலையாகவும் இருந்தது. அடுத்து வந்த செழிப்பு பற்றிப் பேசுவோர் பலர் ஒன்றை விட்டுவிடுகின்றனர். எதிர்க்கரைத் தோட்டங்களில் உழைத்தவர்கள் அடிமைகள். கென்யக் கடற்கரையில் அடிமைமுறை சட்டப்படி ஒழிந்தது 1907இல்தான். பூவேலைச் சுவர்களின் அழகைப் போற்றும்போது அந்தக் கைகளை மறப்பது நேர்மையாகாது.

இனிக் காட்டுக்குள் செல்வோம். அதற்குக் கடலின் அனுமதி வேண்டும். இங்கே ஓதத்துக்கும் வற்றுக்கும் இடையே நீர்மட்டம் ஆள் உயரத்துக்கும் மேலாக ஏறி இறங்குகிறது. மாண்டா தீவின் தக்வா என்னும் பாழடைந்த நகரத்துக்குச் செல்லும் ஓடையில் ஓதம் ஏறியிருக்கும் சில மணி நேரமே படகு போகும். பதினேழாம் நூற்றாண்டில் மக்கள் கைவிட்டுப் போன அவ்வூரில் இன்று பள்ளிவாசலின் சுவர்களும் ஒரு தூண் கல்லறையும் நிற்கின்றன. வழி நெடுக இருபுறமும் பசுஞ்சுவர் போலச் சுரபுன்னை. நூறு கால்களை ஊன்றி நிற்பதுபோல் அதன் தாங்கு வேர்கள் சேற்றிலிருந்து வளைந்து எழுகின்றன. வெண்கண்டல் மரமோ மண்ணிலிருந்து ஆணிகளைப் போல மூச்சுவேர்களை மேலே நீட்டி வைத்திருக்கிறது. காற்றே புகாத சேற்றில் வேர் சுவாசிக்க அதுவே வழி. சுரபுன்னையின் விதை மரத்தில் தொங்கும்போதே முளைத்துவிடுகிறது. ஒரு முழம் நீண்ட பச்சைக் குச்சியாகத் தொங்கிப் பிறகு விழுகிறது. வற்று நேரமானால் அங்கேயே சேற்றில் குத்தி நிற்கும். ஓத நேரமானால் மிதந்து சென்று வேறொரு கரையில் ஊன்றும். பாலூட்டி வளர்த்த பிறகே பிள்ளையைப் பயணத்துக்கு அனுப்புகின்ற தாயின் செயல் இது. அல்லாஹ்வின் படைப்பில் சிந்திப்போர்க்குப் பாடங்கள் எங்கும் உண்டு.

கென்யாவில் உள்ள அலையாத்திக் காடு மொத்தம் சுமார் 61,000 ஹெக்டேர். அதில் அறுபது விழுக்காடு லாமு வட்டாரத்தில் இருக்கிறது. ஒன்பது வகை மரங்கள் வளர்கின்றன. கட்டட வேலைக்கு உகந்தது சுரபுன்னை. சுவாஹிலியில் அதன் பெயர் ம்கோகோ. பட்டையிலும் மரத்திலும் ஊறியுள்ள துவர்ப்புப் பொருளால் கறையானும் பூஞ்சையும் அதனை எளிதில் அணுகுவதில்லை. இரு நூற்றாண்டு கடந்த கூரைகளில் அக்கம்பு இன்றும் நிற்பதன் காரணம் இதுவே. கூரைக்கு மட்டுமா? சுவருக்கு வேண்டிய சுண்ணாம்பும் பவழக்கல்லைச் சுரபுன்னை விறகின் மீது அடுக்கி எரித்துப் பெற்றதே.

வெட்டுவோர் பெரும்பாலும் பஜுனி இனத்தவர். ஓதத்தோடு படகில் உள்ளே சென்று, நாள் கணக்கில் அங்கேயே தங்கி, இடுப்பளவுச் சேற்றில் நின்று கோடரியால் வெட்டுகின்றனர். கம்பின் பருமனுக்கேற்பப் பெயர் மாறும். விரல் பருமனுள்ளது ஃபிட்டோ; அதற்கடுத்தது பாவு; கூரைக்குரியது போரிட்டி; தூணாக நிறுத்தத்தக்கது நுகுசோ. இருபது கம்பு ஒரு கோரி. இந்தி பேசும் வணிகர்களும் இருபதைக் கோரி என்றே எண்ணுவது இங்கு நினைவுகூரத்தக்கது.

வளைகுடா நாடுகளில் பணிபுரியும் நம் சகோதரர்களுக்கு இக்கம்பு புதியதாக இராது. துபாய், பஹ்ரைன், குவைத் ஆகிய இடங்களில் பேணிவரும் பழைய வீடுகளைப் பார்க்கச் சென்றால் அண்ணாந்து பாருங்கள். அங்கே சந்தல் என்ற பெயரில் வரிசையிட்டிருப்பது கிழக்கு ஆப்பிரிக்கச் சுரபுன்னைதான். (சந்தனத்துக்கும் இதற்கும் தொடர்பில்லை.) அந்த அறைகளும் ஒடுங்கி நீண்டிருப்பதன் காரணம் இப்போது விளங்கும். மரமற்ற பாலைக்கரையில் வீடு கட்ட வேண்டியவர்கள், வடகிழக்குப் பருவக்காற்றில் பேரீச்சம்பழமும் உப்பும் ஏற்றித் தெற்கே வந்து, தென்மேற்குக் காற்று எழும்பியதும் கம்புகளை ஏற்றித் திரும்பினர். ஆலன் வில்லியர்ஸ் என்னும் ஆஸ்திரேலியக் கடலோடி 1939இல் ஒரு குவைத் மரக்கலத்தில் இப்பயணத்தைத் தாமும் மேற்கொண்டு நூலாக எழுதினார். அக்கலம் கம்பு ஏற்றியது லாமுவுக்குத் தெற்கே இன்றைய தான்சானியாவிலுள்ள ருஃபிஜி ஆற்றுமுகத்தில்.

எண்ணெய்ச் செல்வம் வந்ததும் வளைகுடாவில் இரும்பும் சிமெண்டும் சந்தலின் இடத்தைப் பிடித்தன. 1982இல் கென்ய அரசு கம்பு ஏற்றுமதிக்குத் தடை விதித்தது. காட்டைக் காக்க அது வேண்டியதுதான். சுரபுன்னைக்கு ஒரு குறையுண்டு. வெட்டிய அடிமரத்திலிருந்து அது மீண்டும் துளிர்ப்பதில்லை. வெண்கண்டல் துளிர்க்கும், சுரபுன்னை மாண்டுவிடும். புதுக்கன்று முளைத்தாலன்றி அவ்விடம் வெற்றுச்சேறாகும். எனவே கட்டுப்பாடின்றி வெட்டுதல் கூடாது என்பதில் ஐயமில்லை. ஆனால் 2018 பிப்ரவரியில் நாடு முழுவதற்கும் மரம் வெட்டத் தடை வந்தபோது, மலைக்காட்டு ஒப்பந்தக்காரருக்கும் லாமுவின் கோடரிக்காரருக்கும் ஒரே ஆணை பொருந்தியது. தலைமுறைகளாக வேறு தொழில் அறியாத குடும்பங்களின் அடுப்பு அணைந்தது. பின்னர்த்தான் அத்தடை தளர்ந்தது.

அதே காலத்தில் மாண்டா வளைகுடாவில் நடந்தது என்ன? எத்தியோப்பியாவையும் தென்சூடானையும் கடலோடு இணைப்பதற்கென்று 2012இல் தொடங்கிய பெருந்துறைமுகத் திட்டத்துக்காக அலையாத்திக் காடு அழிக்கப்பட்டது; கடலடி தோண்டப்பட்டது. முதல் கப்பல் தளம் 2021 மே மாதம் திறக்கப்பட்டது. மீன்பிடிப்பும் பண்பாடும் பாதிக்கப்படுவதை எதிர்த்து மக்கள் தொடுத்த வழக்கில், சுமார் 4,600 மீனவர்களுக்கு 176 கோடி ஷில்லிங் இழப்பீடு வழங்குமாறு 2018 ஏப்ரலில் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. லாமுவுக்கு அருகில் அமையவிருந்த நிலக்கரி மின்நிலையத்தின் சுற்றுச்சூழல் அனுமதியையும், மக்களிடம் முறையாகக் கருத்துக் கேட்கவில்லை என்று கூறி, 2019 ஜூன் மாதம் தீர்ப்பாயம் ரத்துச் செய்தது. துறைமுகமே கூடாது என்று நான் வாதிட வரவில்லை. லாமுவின் இளைஞருக்கு வேலை வேண்டும். ஆயினும் ஒருவன் பத்துக் கம்பு வெட்டினால் குற்றம், ஓர் அரசு வளைகுடாவையே தோண்டினால் வளர்ச்சி என்னும் கணக்கு எனக்கு விளங்கவில்லை.

பழைய வீடுகளைச் செப்பனிடவும் போரிட்டி வேண்டும். காட்டை முற்றிலும் பூட்டிவிட்டால் யுனெஸ்கோ போற்றிய அந்தக் கூரைகளுக்கு மாற்றுக் கம்பு ஏது? சில வீடுகளில் காங்கிரீட் தளம் புகுந்துவிட்டது. அகன்ற அறை கிடைக்கிறது. ஆனால் தடித்த பவழச் சுவரும் சுண்ணாம்புத் தளமும் தந்த குளிர்ச்சி அங்கே இல்லை.

பாத்தே தீவிலுள்ள முதாங்கவாண்டா என்னும் ஊரில் பெண்கள் ஒன்றுகூடி, வெறுமையாகிவிட்ட சதுப்பில் கன்று நட்டு வருகின்றனர். மரத்தடியில் விழுந்து கிடக்கும் நீண்ட விதைக்குச்சிகளைப் பொறுக்கி, பைகளில் நாற்றாக்கி, வற்று நேரம் பார்த்து முழங்கால் சேற்றில் இறங்கி ஊன்றுகின்றனர். ஆடு மேயாமலும் நண்டு வெட்டாமலும் தப்புகின்ற கன்று போரிட்டிப் பருமன் அடையப் பத்தாண்டுகளுக்கு மேலாகும். நடுகின்ற பெண்களுள் பலருடைய கணவன்மார் மீன்பிடிப்பவர்கள். கன்றுகளின் வேரிடையே இறாலும் நண்டும் வந்து சேர அவ்வளவு காலம் காத்திருக்க வேண்டியதில்லை.