ஊமைப்படங்கள் உரைக்கும் பாடம்



கொலையுண்டவன் கையில் ஒரு மூக்குக்கண்ணாடி. அதனை ஆராய்ந்தே, அதை அணிந்தவர் எத்தகையவர் என்று கூறிவிடுகிறார் துப்பறிவாளர் ஷெர்லக் ஹோம்ஸ். ஆர்தர் கானன் டாயில் எழுதிய இக்கதை 1922 ஆம் ஆண்டில் ஊமைக் குறும்படமாயிற்று. இங்கிலாந்தின் ஸ்டோல் நிறுவனம் 1921 முதல் 1923 வரை இவ்வாறு 45 குறும்படங்களையும் 2 நெடும்படங்களையும் எடுத்தது. அனைத்திலும் ஹோம்ஸாக நடித்தவர் எயில் நார்வுட். பேச்சொலி இல்லாமையால், துப்பறிவாளரின் நுண்ணறிவை அவருடைய கண்ணும் கையுமே காட்டவேண்டியிருந்தது. எஞ்சியதை இடையிடையே தோன்றும் எழுத்துகள் விளக்கின. அவரது நடிப்பைக் கானன் டாயிலே பாராட்டினார்.

நூறாண்டுகளுக்குப்பின், பிரித்தானியத் திரைப்படக் கழகம் இப்படங்களைச் செப்பனிடத் தொடங்கி, 2024 அக்டோபரில் இலண்டன் திரைப்பட விழாவில் இதனையும் சேர்த்து மூன்றினைத் திரையிட்டது. யாரோ அவற்றைக் காத்து வைத்தமையால் அன்றோ இது கூடிற்று!

நம் நிலை வேறு. நடராஜ முதலியார் சென்னைப் புரசைவாக்கத்தில் எடுத்த ‘கீசக வதம்’ தென்னிந்தியாவின் முதல் ஊமைக் கதைப்படம். அதன் ஒரு சுருளும் இன்று இல்லை. அக்கால நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றும். வெப்பத்திலும் ஈரத்திலும் சிதையும். ஓடி முடிந்த படத்தைப் பேணும் எண்ணமும் அன்று அரிது. புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தோன்றியதே 1964 இல்தான்.

படச்சுருளுக்கு நேர்ந்தது நம் இல்லங்களிலும் நேர்கிறது. 2015 டிசம்பர் வெள்ளம் வடிந்தபின், தாம்பரத்தை அடுத்த முடிச்சூர்ப் பகுதியில் ஒரு வீட்டிற்குச் சென்றோம். மூதாட்டி ஒருவர் மொட்டைமாடியில் திருமணப் புகைப்படங்களை உலர்த்திக்கொண்டிருந்தார். மறைந்த கணவரின் முகம் இருந்த இடத்தில் வெண்மையே எஞ்சியிருந்தது. “கட்டிலும் பீரோவும் திரும்ப வாங்கிக்கலாம் சாமி, இதை எங்கே போய் வாங்குவேன்?” என்றார். மறுமொழி கூற இயலாது நின்றோம்.

ஆகவே குடும்பத் தலைவர்களே, தலைவியரே, பரணில் கிடக்கும் திருமண வீடியோ கேசட்டுகளை, பூஞ்சை பிடிக்குமுன் படியெடுத்துவிடுங்கள். ஒரு படியை வெளியூரிலுள்ள உறவினரிடம் கொடுத்து வையுங்கள். ஒவ்வொரு புகைப்படத்தின் பின்னும் பெயரும் ஆண்டும் எழுதுங்கள். ஹோம்ஸுக்கு ஒரு மூக்குக்கண்ணாடி போதியதாயிற்று. நம் பேரப்பிள்ளைகளோ துப்பறிவாளர் அல்லர். பெயர் எழுதாத படம் அவர்களுக்கு ஊமைப்படமே. விவரம் அறிந்த பெரியவர்கள் நம்மோடு இருக்கும்போதே, இவ்வாரம் அவர்கள் அருகில் அமர்ந்து கேட்டு எழுதிவிடுங்கள்.